முந்நூற்றைந்து இறாத்தல்

என் மகனை ஒன்பது நாள் பட்டினி போட்டேன். அதனால் அவன் வேலை போயிற்று. அந்த ஒன்பது நாளில் முதல் ஐந்து நாளும் அவனுக்குப் பக்கத்தில் இருந்து நானும் உண்ணாவிரதம் இருந்தேன். பத்திரிகையில் படம்கூட வந்தது. உண்மையில் நான் ஒரு நாளைக்கு இரண்டு டோனட் சாப்பிட்டேன்.

எண்பத்தொரு வயதில் இதைச் சுற்றி வளைத்துச் சொல்ல நேரமில்லை. ஆகவே முதலிலேயே சொல்லிவிட்டேன். இனி எப்படி நடந்தது என்று சொல்கிறேன்.

என் மகன் தொழில்முறை ஃபுட்போல் ஆட்டக்காரன். எங்கள் ஆட்கள் நினைக்கிற உதைபந்தாட்டம் அல்ல. தலையில் கவசமும் தோளில் பலகையும் கட்டிக்கொண்டு, முட்டை வடிவப் பந்து ஒன்றுக்காக ஆளை ஆள் இடித்து விழுத்துகிற அமெரிக்க விளையாட்டு. கனடாவில் மைதானத்தைக் கொஞ்சம் பெரிதாக்கி, பக்கத்துக்கு ஓர் ஆளைக் கூட்டி அதையே விளையாடுகிறார்கள். அதில் அவன் பந்தை எறிகிறவனும் அல்ல, பந்தோடு ஓடுகிறவனும் அல்ல. எறிகிறவனுக்கு முன்னால் ஐந்து பேர் வரிசையாகக் குனிந்து நிற்பார்கள். எதிர்ப்பக்கத்துத் தடியர்கள் எறிகிறவனைப் பிய்த்துத் தின்ன வருவார்கள். அவர்களை மறித்துத் தள்ளுவதுதான் இந்த ஐவரின் வேலை. கிளித்தட்டு விளையாடியவர்களுக்கு இது விளங்கும். ஆனால் கிளித்தட்டில் நான் பார்த்த எவனும் முந்நூறு இறாத்தல் இருந்ததில்லை.

இந்த ஐவருக்கும் லைன்மன் என்று பெயர். என் மகன் நடுவில் நிற்பவனின் இடப்பக்கத்தவன். அந்த இடத்தை இடது கார்ட் என்பார்கள். கலியாண வீடுகளில் யாரும் "மகன் என்ன செய்யுறார் மாஸ்ரர்?" என்று கேட்டால், "கார்ட் ஆக இருக்கிறார்" என்று சொல்லிவிட்டு வடையைக் கடிப்பேன். செக்யூரிட்டி வேலை என்று அவர்களாக விளங்கிக்கொள்வார்கள். நான் திருத்துவதில்லை. ஒரு பௌதிக ஆசிரியரின் மகன் வாசலில் நின்று காவல் காப்பது அவர்களுக்கு விளங்கக்கூடிய துன்பம். புல்லில் நாலு காலில் நின்று இன்னொருவனை முட்டுவது விளங்காது.

என் மனைவிதான் அவனோடு அதைப்பற்றிப் பேசுவாள்.

"ஐஞ்சு வரியமா விளையாடுறாய். ஒருக்காத் தன்னும் பந்தைத் தொட்டனியோ?"

"ரண்டு தரம் அம்மா. ரண்டும் கீழ விழுந்த பந்து."

"தொட்டிட்டு?"

"மேல படுத்தன்."

"கெட்டிக்காரன்" என்று சொல்லி இன்னொரு அகப்பை சோறு போடுவாள்.

மூன்று வயதில் ஸ்காபரோவுக்கு வந்தவன் அவன். பதினாறு வயதில் பள்ளிக்கூடத்துக் கதவுகளில் பக்கவாட்டாக நுழைய ஆரம்பித்தான். அமெரிக்காவில் ஒரு சின்னப் பல்கலைக்கழகம் அவனை அந்த அகலத்துக்காகவே கூப்பிட்டுப் படிப்பித்தது. திரும்பி வந்ததும் ரொறொன்ரோ அணி எடுத்தது. முதல் வருடம் ஒத்திகைக்கு மட்டும். அதாவது, மற்றவர்கள் இடித்துப் பழகுவதற்கு இவன் நிற்க வேண்டும். இரண்டாம் வருடம் இடது கார்டின் கணுக்கால் முறிந்தது, இவனுக்கு இடம் கிடைத்தது. அந்தத் தொழிலில் பதவி உயர்வு அப்படித்தான், இன்னொருவனின் எலும்பு வழியாக வரும். பிறகு மூன்று வருடம் அந்த இடத்தை விடவில்லை. வலது தோளில் ஒரு ஆணி, இடது கையில் இரண்டு வளைந்த விரல்கள். குளிர்காலத்தில் விளையாட்டு இல்லாதபோது பிறம்ரனில் ஒரு களஞ்சியத்தில் லொறிகளுக்குப் பெட்டி ஏற்றினான். நான் ஒரு ஆட்டமும் போய்ப் பார்க்கவில்லை.

ஒரு விஷயம் மட்டும் எனக்குத் தெரிந்திருந்தது. அவன் நிறை முந்நூற்றைந்து இறாத்தல், அதாவது நூற்று முப்பத்தெட்டு கிலோ, இருக்க வேண்டும். குறைந்தால் தள்ளுப்படுவான், கூடினால் மூச்சு வாங்கும். அதற்காக அவன் சாப்பிடுவது ஆசைக்காக அல்ல, உத்தியோகமாக. காலையில் பன்னிரண்டு முட்டையை ஒரு முகச்சுளிப்போடு விழுங்குவான், கசாயம் குடிக்கிறவன் மாதிரி.

இலங்கையில் போர் முடிந்த வருடத்தின் வசந்தத்துக்கு வருகிறேன்.

அந்த மாதங்களில் ரொறொன்ரோவில் எங்களில் யாரும் ஒழுங்காக வேலை செய்யவில்லை, தூங்கவில்லை. தெருவில் நின்றோம். எல்லோருக்கும் வன்னிக்குள் யாரோ ஒருவர் இருந்தார். எனக்கு என் கடைசித் தங்கை, அவள் புருஷன், இரண்டு பிள்ளைகள். தை மாதத்துக்குப் பிறகு தொடர்பு இல்லை. சண்டை ஓய்ந்திருந்த வருடங்களில் அவள் தொலைபேசிக் கடையிலிருந்து எடுப்பாள். என் கூடப்பிறந்தவர்களில் மகனின் விளையாட்டைப்பற்றி அக்கறையாக விசாரித்த ஒரே ஆள் அவள்தான். "மருமோன், உம்மை ஆரும் விழுத்தினவங்களோ?" என்பாள். அவன் தன் உடைந்த தமிழில் அரை மணித்தியாலம் விளங்கப்படுத்துவான்.

எங்கள் ஊர்ச் சங்கத்துக்கு நான் செயலாளர். நகரின் நடுவில், ஒரு துணைத் தூதரகத்துக்கு எதிரே கூடாரம் போட்டு முறைவைத்து உண்ணாவிரதம் இருப்பது என்று கூட்டத்தில் முடிவானது. தண்ணீர் மட்டும். சங்கத் தலைவரின் மகன் பல் வைத்தியர், ஒரு நாள் இருப்பதாக ஒத்துக்கொண்டிருந்தார். தலைவர் அதை இரண்டு தரம் அறிவித்தார். பிறகு என் பக்கம் திரும்பினார்.

"மாஸ்ரர், உங்கட மகன் நல்ல வாட்டசாட்டமான ஆள். அவரும் ஒரு நாள் வந்து இருப்பாரோ?"

"ஒரு நாளோ? என்ர மகன் ஐஞ்சு நாள் இருப்பான்."

"தண்ணியோடயோ?"

"தண்ணியோட மட்டும். நானும் பக்கத்தில இருப்பன்."

எல்லோரும் கை தட்டினார்கள். மகனிடம் நான் ஒரு வார்த்தை கேட்டிருக்கவில்லை. இருபத்தொன்பது வருடத்தில் அந்த உடம்பால் எனக்குக் கிடைத்த முதல் கைதட்டல் அது. வீட்டுக்குப் போகும் வழியெல்லாம் காரை மெதுவாக ஓட்டினேன்.

வீட்டில் அவன் முட்டையோடு இருந்தான். சொன்னேன். கையில் கரண்டியோடு என்னைப் பார்த்தான்.

"அப்பா, ட்ரெய்னிங் காம்ப் ஜூனில. இன்னும் ஆறு கிழமை. இந்த வருசம் ரண்டு புதுப் பொடியங்கள் வாறாங்கள், என்னை விடப் பெரிசு. நான் இப்ப வெயிட் குறைக்க ஏலாது."

"ஐஞ்சு நாள்தானே."

"ஒரு நாள் இருக்கிறன். சீரியஸா. ஒரு நாள்."

அப்போது நான் சொன்னதை எழுத வேண்டும். "அங்க உன்ர மாமியும் பிள்ளையளும் கஞ்சிக்கு வரிசையில நிக்குதுகள். நீ இஞ்ச இருந்து காலமை பன்ரண்டு முட்டை தின்னுறாய்" என்றேன்.

கரண்டியைக் கீழே வைத்தான். "ஓகே" என்றான். தட்டை எடுத்துக்கொண்டுபோய்க் குப்பையில் கொட்டினான். நான் வென்றுவிட்டேன் என்று நினைத்தேன்.

கூடாரத்தில் அவனுக்கு ஒரு பிளாஸ்ரிக் கதிரை தாங்காது என்று இரண்டை ஒன்றுக்குள் ஒன்று அடுக்கிக் கொடுத்தார்கள். அவன் வந்த பிறகு கமராக்கள் வந்தன. எலும்பும் தோலுமாக ஒருவர் பட்டினி இருந்தால் அதில் செய்தி இல்லை. மலை மாதிரி ஒருவன் இருந்தால் நின்று பார்க்கிறார்கள். எங்கள் ஆட்களும் பார்த்தார்கள்.

"உவருக்கென்ன, ஒட்டகம் மாதிரி. ஒரு மாசம் ஓடும்."

"உவர் ஒரு நேரம் விட்டாலே எங்கட வீட்டுக்கு ஒரு கிழமை காணும்."

ஒரு அன்ரி கிட்ட வந்து அவன் கையைத் தொட்டுப் பார்த்துவிட்டு, "தம்பி, வீட்டில சமைக்கிறது அம்மாவோ?" என்று கேட்டார். "ஓம் அன்ரி" என்றான். "அவவுக்கு ஆர் உண்ணாவிரதம் இருக்கிறது?" என்றார். அன்றைக்குக் கூடாரமே சிரித்தது. அப்படியான நாட்களிலும் சனம் சிரிக்கத்தான் செய்தது.

நான் இரண்டாம் நாள் மத்தியானம் விழுந்தேன். மயங்கி அல்ல. எனக்கு நீரிழிவு. "மாத்திரை ஒண்டு போட்டிட்டு வாறன்" என்று சொல்லித் தெருவைக் கடந்து கோப்பிக் கடைக்குப் போனேன். மாத்திரையை வெறும் வயிற்றில் போடக்கூடாது என்று வைத்தியர் சொல்லியிருந்தார். ஆகவே, நீரிழிவின் பொருட்டு, சொக்கலேற் பூசிய டோனட் ஒன்று வாங்கினேன். கழிப்பறைக்குள் போய்க் கதவைப் பூட்டி, நின்றபடி நாலு கடியில் முடித்தேன். வாயைக் கழுவினேன். மீசையைத் துடைத்தேன். பின்னேரமும் ஒரு மாத்திரை இருந்தது. இந்த வைத்திய முறையை ஐந்தாம் நாள் வரை கடைப்பிடித்தேன். தெருவைத் திரும்பக் கடக்கும்போது முகத்தை வாட்டமாக வைத்துக்கொள்ளவும் பழகியிருந்தேன். பத்திரிகைப் படத்தில் அவனைவிட நான்தான் சோர்ந்து தெரிகிறேன்.

ஐந்தாம் நாள் தலைவர் எனக்குத் தோடம்பழச் சாறு தந்து முடித்துவைத்தார். மகனுக்கும் ஒரு கோப்பை இருந்தது. அதற்குள் யாரோ ஒரு பெரிய தொலைக்காட்சியிலிருந்து நாளைக்கோ மறுநாளோ வருகிறார்கள் என்று சொன்னார்கள். எல்லோரும் என்னைப் பார்த்தார்கள்.

"இன்னும் ரண்டு நாள்" என்றேன் மகனிடம்.

ஏழாம் நாளும் அதையே சொன்னேன். "அப்பா, கால் நடுங்குது" என்றான் ஆங்கிலத்தில், மற்றவர்களுக்குக் கேட்காத குரலில். "எழும்பாமல் இரு, நடுங்காது" என்றேன். பௌதிகம் படித்தவனின் மறுமொழி.

ஒன்பதாம் நாள் என் மனைவி வந்தாள். கூடாரத்துக்குள் வந்து யாரையும் பார்க்காமல் அவன் முன்னால் நின்று "எழும்பு" என்றாள். அவன் எழும்பினான், இரண்டு கதிரையும் அவனோடு எழும்பின. அவள் அவற்றைக் கழற்றிவிட்டு அவனைக் காருக்குக் கூட்டிப்போனாள். போகும்போது எனக்குச் சொன்னது இவ்வளவுதான்: "நீங்கள் இருங்கோ. உங்களுக்கு ஒண்டும் குறையேல்லை."

வீட்டில் நிறை பார்த்தபோது இருநூற்று எழுபத்தெட்டு.

வைகாசியில் போர் முடிந்தது. அது எப்படி முடிந்தது என்று வாசிக்கிறவர்களுக்குத் தெரியும். எங்கள் வீட்டில் தொலைக்காட்சியை மனைவி நிறுத்தினாள், பல நாள் யாரும் போடவில்லை. தங்கையைப்பற்றி ஒரு தகவலும் இல்லை. மகன் மீண்டும் சாப்பிட வேண்டிய கிழமைகள் அவை. முட்டைக்கு முன்னால் இருப்பான். இறங்காது. எழும்பிப் போய்விடுவான்.

இருநூற்று எண்பத்தைந்தோடு பயிற்சி முகாமுக்குப் போனான். மிசிசாகாவில் ஒரு பல்கலைக்கழக மைதானத்தில் நடந்தது. புதிதாக வந்த ஒருவன் முந்நூற்று இருபத்தைந்து. ஒருவனை ஒருவன் தள்ளும் பயிற்சியில், அணி முழுவதும் பார்த்துக்கொண்டு நிற்க, என் மகனை மூன்று தரம் மல்லாக்க விழுத்தினானாம். ஊரில் பதினைந்து வருடம் நான் கரும்பலகையில் எழுதியது ஒன்றே ஒன்று, உந்தம் என்பது திணிவு பெருக்கல் வேகம். திணிவைக் குறைத்துவிட்டு வேகத்தைப்பற்றி யோசிக்காதவனை நான் எத்தனையோ தரம் வகுப்பில் முட்டாள் என்று ஏசியிருக்கிறேன்.

இரண்டாம் கிழமை முடிவில் அவனைக் கூப்பிட்டு ஆட்டப் புத்தகத்தைத் திருப்பித் தரச் சொன்னார்கள். அந்தத் தொழிலில் 'வேலை போயிற்று' என்று சொல்லமாட்டார்கள், புத்தகத்தைத்தான் கேட்பார்கள். சப்பாத்து, பட்டிகள், முழங்கால் உறைகள் எல்லாவற்றையும் ஒரு கறுப்புக் குப்பைப் பையில் போட்டுத் தோளில் சுமந்துகொண்டு வீட்டு வாசலில் வந்து நின்றான்.

"பரவாயில்லை, இனியாவது ஒரு நல்ல வேலை பாக்கலாம்" என்றேன்.

இதைவிட மோசமாக நான் எதையும் என் வாழ்க்கையில் சொன்னதில்லை. அவன் பையோடு நிலவறைக்கு இறங்கிப் போனான்.

அதற்குப் பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை தொலைபேசி வந்தது. தங்கை. வவுனியாப் பக்கம் ஒரு முகாமில், முள்ளுக்கம்பிக்குப் பின்னால், யாரிடமோ இரவல் வாங்கிய போன். இரண்டு நிமிஷம்தான். பிள்ளைகள் இருக்கிறார்கள் என்றாள். புருஷனைப்பற்றிச் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. பிறகு, எங்கள் சனம் எந்த நிலையிலும் கேட்கிற கேள்வியை அவளும் கேட்டாள்.

"அண்ணை, சாப்பிட்டியளோ?"

"ஓம்" என்றேன். போன் வெட்டுப்பட்டது.

அந்த 'ஓம்' என்னை விடவில்லை. யாருக்காவது சொல்லியே ஆக வேண்டும் போல இருந்தது. யோக்கியன் என்றால் நிலவறைக்கு இறங்கிப் போயிருப்பான், பன்னிரண்டு படிதான். நான் காரை எடுத்துக்கொண்டு சங்கத்தின் பொதுக்கூட்டத்துக்குப் போனேன்.

அங்கே உண்ணாவிரதம் இருந்தவர்களுக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். என் முறை வந்தது. தலைவர் விரித்த பொன்னாடைக்கு முன்னால் நின்று, ஒலிவாங்கியில், நான் இரண்டாம் நாளிலிருந்து எதிர்க்கடைக் கழிப்பறையில் சாப்பிட்டேன் என்று சொன்னேன். பின்வரிசையிலிருந்து ஒரு குரல் கேட்டது.

"எத்தினை மாஸ்ரர்?"

"ஒரு நாளைக்கு ரண்டு."

"எந்த டோனட்?"

சிரிப்பு வெடித்தது. தலைவர் என் கையிலிருந்து ஒலிவாங்கியைப் பறித்து, "இதை அறிக்கையில எழுத வேண்டாம்" என்று செயலாளருக்குச் சொன்னார். செயலாளர் நான்தான் என்பது அவருக்குப் பிறகே நினைவு வந்தது. பொன்னாடையை என்ன செய்வது என்று தெரியாமல் அடுத்தவருக்கே இரண்டாகப் போர்த்திவிட்டார். வெளியே கார் நிறுத்துமிடத்தில் மூன்று பேர், தனித்தனியாக, என் கார்க் கண்ணாடியில் தட்டினார்கள். "மாஸ்ரர், ஒருத்தருக்கும் சொல்லாதேங்கோ, நானும்தான்" என்றார் ஒருவர். மற்ற இருவரும் ஏறக்குறைய அதையே சொன்னார்கள். ஒருவர் சாப்பிட்டது கொத்துரொட்டி.

ஏதோ பாரம் இறங்கின மாதிரி வீட்டுக்கு வந்தேன். கதை எனக்கு முன்னே வந்துவிட்டிருந்தது. மகன் கூடத்தில் நின்றான்.

"ஊருக்கெல்லாம் சொல்லிட்டீங்க. எனக்கு இன்னும் சொல்லேல்லை."

சொன்னேன். அவன் தலையாட்டினான்.

"தெரியும். செக்கண்ட் டேயே தெரியும். அந்தக் கடைக்கு கண்ணாடிதானே சுவர். நீங்கள் வாங்கிறதைப் பாத்துக்கொண்டுதான் இருந்தனான்."

"பிறகேன் இருந்தனீ?"

"நான் உங்களுக்காக இருக்கேல்லை அப்பா. மாமிக்கு இருந்தனான்."

அவன் தொடர்ந்தான், மெதுவாக, தமிழை ஒவ்வொன்றாகப் பொறுக்கி எடுத்து.

"ஐஞ்சு நாள் நான் குடுத்தது. அதால என்ன நடந்தாலும் அது என்ர. அதுக்குப் பிறகு நாலு நாள் நீங்கள் எடுத்தது. கால் நடுங்குது எண்டு சொன்னனான்தானே."

அடுத்த நாள் காலை நான் மிசிசாகாவுக்குப் போனேன். லைன்மன்களின் பயிற்சியாளரைக் காண வேண்டும் என்று வாசலில் சொன்னேன். குளிர்சாதனப் பெட்டிக்கு மீசை வைத்த மாதிரி ஒரு வெள்ளைக்காரர் வந்தார். நான் தயார்செய்துகொண்டு போன நல்ல ஆங்கிலத்தில், நின்றபடி, நான் ஓர் ஆசிரியன் என்று தொடங்கி எல்லாவற்றையும் சொன்னேன்: கூட்டம், முட்டை, ஒன்பது நாள், டோனட். அவர் தொப்பியைக் கழற்றித் தலையைச் சொறிந்தார்.

வயிற்றுக் காய்ச்சல் என்றல்லவா அவன் எனக்குச் சொன்னான் என்றார். உண்மையைச் சொல்லியிருந்தால் இரண்டு கிழமை ஓரமாக வைத்து நிறையை ஏற்றியிருப்பேன் என்றார். இப்போது பட்டியல் முடிந்துவிட்டது, என் கையில் ஒன்றுமில்லை என்றார். என் வாசலுக்கு அப்பாமார் வருவது வழமை, மகனை ஏன் எடுக்கவில்லை என்று கத்த வருவார்கள், குற்றம் தன்னுடையது என்று சொல்ல வந்த ஆளை இப்போதுதான் காண்கிறேன் என்றார். போகும்போது, "நீர் என்ன படிப்பித்தீர்?" என்று கேட்டார்.

"பௌதிகம்."

என்னை மேலும் கீழும் பார்த்தார். அவர் சிரிக்காமல் விட்டதற்கு இன்றைக்கும் நன்றி. பிறகு சொன்னார்: ஆவணி, புரட்டாதிக்குள் எங்கேயாவது ஒரு லைன்மன் கால் முறிப்பான். மேற்கே எனக்குத் தெரிந்த ஒருவர் இருக்கிறார், சொல்லிவைக்கிறேன். ஆனால் அன்றைக்கு உம்முடைய மகன் முந்நூறு இறாத்தல் இருக்க வேண்டும். சீனியால் அல்ல, இறைச்சியால்.

வீட்டுக்கு வந்து மனைவியிடம், "இனி அவனுக்கு நான்தான் சமைக்கப்போறன்" என்றேன்.

"கடவுளே, இனி விஷமும் வைக்கப் போறியளோ?" என்றாள்.

அறுபத்தைந்து வயதுவரை நான் தேத்தண்ணீர் தவிர ஒன்றும் வைத்ததில்லை. அவள் கதிரை போட்டு இருந்துகொண்டு, வாயால் சமைத்தாள். நான் கையால் சமைத்தேன். முதல் கிழமை மாட்டிறைச்சி சப்பாத்துத் தோல் மாதிரி வந்தது. அவன் மென்றான். புட்டு கல்லாக இறுகியது. அதையும் மென்றான். ஒரு நாளைக்கு ஆறு நேரம். காலையில் முட்டை, பத்து மணிக்குப் புட்டும் இறைச்சியும், மத்தியானம் சோறு, பின்னேரம் மீன், பிறகு இன்னொரு சோறு, படுக்க முதல் பாலும் ஓட்ஸும். அவன் என்னோடு பேசவில்லை. தட்டை மட்டும் திருப்பி வைப்பான். அது வெறுமையாக இருக்கும். மற்ற நேரம் நிலவறையில் இரும்பு தூக்குகிற சத்தம் கேட்கும், மேலே என் சட்டிகள் அதிரும்.

வீட்டுத் தராசு முந்நூறு வரை காட்டாது. இன்னொன்று வாங்கி, ஒரு காலுக்கு ஒன்றாக வைத்து இரண்டையும் கூட்டினேன். அவன் நிமிர்ந்து நிற்பான். நான் முழந்தாளில் இருந்து இரண்டு எண்ணையும் வாசிப்பேன். அந்தக் கோடையில் அவனுக்கு முன்னால் நான் எத்தனை தரம் முழந்தாளிட்டேன் என்று தெரியாது. இருநூற்றுத் தொண்ணூறு. தொண்ணூற்று நாலு. மீண்டும் தொண்ணூற்று மூன்று. அந்த ஒரு இறாத்தலுக்கு நான் அன்று முழுவதும் சாப்பிடவில்லை. எந்தக் கடைக்கும் போகவுமில்லை.

ஆவணிக் கடைசியில் முந்நூற்றொன்று. புரட்டாதியில், கோதுமை விளையும் மேற்கு மாகாணமொன்றில், முன்பின் தெரியாத ஒருவனுடைய முழங்கால் போயிற்று. அந்தச் செய்தி கேட்டு நான் மனதுக்குள் துள்ளினேன் என்பதையும் சேர்த்தே சொல்கிறேன். அவர்கள் கூப்பிட்டார்கள். அவன் மறுநாளே விமானம் ஏறினான்.

ஏழு ஆட்டம் விளையாடினான். கடைசி ஆட்டத்துக்குச் சொல்லாமல் கொள்ளாமல் நான் போனேன். அப்படியான குளிரை ரொறொன்ரோவில் கண்டதில்லை. இரண்டரை மணித்தியாலம் பந்தைப் பார்க்காமல் இடது கார்டை மட்டும் பார்த்தேன். விளங்கிக்கொள்ள அவ்வளவு நேரம் எடுத்தது. எறிகிறவன் நிதானமாக நின்று எறிந்தான் என்றால், அதற்கு முதல் என் மகன் ஒருவனைத் தன் நெஞ்சில் வாங்கித் திருப்பிவிட்டிருந்தான். யாரும் அதைப் பார்க்கவில்லை. எல்லோரும் பறக்கிற பந்தைப் பார்த்தார்கள். ஒருதரம் ஒலிபெருக்கியில் அவன் சட்டை இலக்கத்தைச் சொன்னார்கள். நான் எழும்பிக் கை தட்டினேன். பக்கத்தில் இருந்தவர் என் கையைப் பிடித்து இருத்தினார். எதிராளியின் சட்டையைப் பிடித்து இழுத்த குற்றத்துக்காம், பத்து யார் தண்டனை. லைன்மனின் இலக்கத்தை அதற்கு மட்டும்தான் சொல்வார்களாம்.

ஆட்டம் முடிந்து வேலியோரம் என்னைக் கண்டான். முகத்தில் மண்ணும் இரத்தமும்.

"அப்பா! ஜாக்கெட் எங்க? சாகப் போறீங்க" என்றான். நாலு மாதத்தில் தானாக என்னிடம் பேசிய முதல் வார்த்தை. தன் அணியின் மேலங்கி ஒன்றைத் தூக்கி எறிந்தான். அதற்குள் என்னைப்போல இரண்டு பேர் நிற்கலாம்.

அடுத்த வருடம் அவர்கள் அவனைக் கூப்பிடவில்லை. ரொறொன்ரோவும் கூப்பிடவில்லை. முப்பது வயது, ஒரு வருடம் பாதியில் விட்டவன், புதியவர்கள் நிறையப் பேர். அந்த நாலு நாளை நான் எடுக்காமல் விட்டிருந்தால் இன்னும் மூன்று நாலு வருடம் விளையாடியிருப்பான் என்று பயிற்சியாளர் பிறகொருநாள் எனக்குச் சொன்னார். நானாகத்தான் போய்க் கேட்டேன். அவர் பொய் சொல்கிற ஆள் அல்ல.

இப்போது அவன் பிறம்ரன் களஞ்சியத்தில் மேலாளர். இருநூற்றுப் பத்து இறாத்தல். விளையாட்டை விட்டவர்கள் இளைக்காவிட்டால் இதயம் நின்றுவிடும் என்று வைத்தியர் சொல்ல, தானே சாப்பாட்டைக் குறைத்து இளைத்தான். தங்கையும் பிள்ளைகளும் சில வருடங்களுக்குப் பிறகு வந்து சேர்ந்தார்கள், அவன்தான் பொறுப்பு நின்று கூப்பிட்டான். யூனியன்வில்லில் அவன் வீட்டுக்கு அடுத்த தெருவில் இருக்கிறார்கள்.

ஞாயிற்றுக்கிழமைகளில் எங்கள் வீட்டுக்கு வருகிறான். சமைப்பது இன்றைக்கும் நான்தான். போன இலையுதிர்காலத்தில் ஒருநாள், மனைவி உள்ளே இருந்தபோது, கேட்டுவிட்டேன்.

"நீ என்னை மன்னிச்சிட்டியோ?"

தொலைக்காட்சியில் ஆட்டம் ஓடிக்கொண்டிருந்தது.

"இல்லை அப்பா" என்றான். கோபமில்லாமல், நேரம் என்ன என்று கேட்டவனுக்குச் சொல்வது போல. "நான் ட்ரை பண்ணினன். வரேல்லை."

"சரி" என்றேன்.

அடுத்த ஞாயிறு வருவானோ என்று கிழமை முழுவதும் பயந்துகொண்டிருந்தேன். வந்தான். ஒரு தட்டுச் சோறு, கொஞ்சம் மீன். சாப்பிட்டுவிட்டுத் தட்டைத் தானே கழுவி வைத்தான். உறைப்புக் கூடிப்போச்சு என்றான்.